மீந்த வான்கோழி, மீந்த சோறு: டப்பா சூப் இல்லாத கேஸரோல்

நவம்பர் மாதத்து நான்காம் வியாழக்கிழமை வரும் தாங்ஸ்கிவிங் விருந்து முடிந்த மறுநாள், அமெரிக்க வீட்டு ஃப்ரிட்ஜைத் திறந்தால் முதலில் கண்ணில் படுவது வான்கோழிதான். ஆறேழு கிலோப் பறவையை ஒரே வேளையில் தீர்த்துவிடும் குடும்பம் அபூர்வம். வெள்ளிக்கிழமை சாண்ட்விச்சுக்குக் கொஞ்சம் போகும், சனிக்கிழமை எலும்பு சூப்புக்குப் போகும். அதற்கப்புறமும் மிஞ்சுகிற கறியை மீந்த சோற்றோடும் காய்களோடும் வெள்ளை சாஸில் கலந்து ஓவனில் வைத்து எடுப்பதுதான் வான்கோழி கேஸரோல். வான்கோழி வளர்ப்பில் அமெரிக்காவிலேயே முன்னணியில் இருக்கும் மினசோட்டாவில் இந்த வகைக்கு ஹாட்டிஷ் என்று பெயர்.

செய்வதற்கு முன் ஒன்றை மனதில் வைத்துக்கொண்டால் பாதி வேலை முடிந்தது. பாத்திரத்துக்குள் போகும் கறி, சோறு, காய் எல்லாமே ஏற்கெனவே வெந்தவை. ஓவனுக்கு இங்கே வேகவைக்கும் வேலை கிடையாது. நடுவரை சூடேற்றி, எல்லாவற்றையும் ஒன்றாகப் பிடிக்க வைத்து, மேற்புறத்தை மொறுமொறுப்பாக்கினால் போதும். இதை மறந்து ஒரு மணி நேரம் உள்ளே விட்டுவிடுவதால்தான் பல வீடுகளில் கேஸரோல் என்றாலே நார்நாரான கறியும் வறண்ட சோறும் நினைவுக்கு வருகின்றன.

இன்னொன்று உப்பு. 1934-இல் கேம்ப்பெல் நிறுவனம் காளான் கிரீம் சூப்பை டப்பாவில் விற்க ஆரம்பித்த பிறகு, அமெரிக்கக் கேஸரோல்களில் பெரும்பாலானவை சாஸ் செய்யும் வேலையை அந்த மாதிரி சூப்பிடம் ஒப்படைத்துவிட்டன. வேலை மிச்சம்தான். ஆனால் இந்தக் கெட்டி சூப்பின் சாதாரண வகை டப்பா ஒன்றில் சுமார் 2,000 மில்லிகிராம் சோடியம் இருக்கும். ஒருவர் ஒரு நாளைக்கு 2,300 மில்லிகிராமைத் தாண்டக் கூடாது என்பது அமெரிக்க உணவு வழிகாட்டல். பழைய செய்முறைகள் கேட்பதோ இரண்டு டப்பா. அந்த டப்பாவுக்குப் பதிலாகப் பத்து நிமிடம் அடுப்படியில் நின்று சாஸ் கிளறுவதில்தான் ஆரோக்கியம் பெரும்பகுதி இருக்கிறது. சீஸைக் குறைப்பது, கீரை சேர்ப்பது எல்லாம் அதற்கு அடுத்தபடிதான்.

கறியும் சோறும் எத்தனை நாள் தாங்கும்

வெந்த வான்கோழி மேசையில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் இருந்திருக்கக் கூடாது. எலும்பிலிருந்து பிரித்து, ஆழமில்லாத பாத்திரத்தில் காற்றுப் புகாமல் மூடி வைத்திருந்தால் ஃப்ரிட்ஜில் மூன்று முதல் நான்கு நாள் தாங்கும். வியாழன் வெந்ததென்றால் திங்கட்கிழமைதான் கடைசி. அதற்குள் செய்ய முடியாது என்று தெரிந்தால் வெள்ளிக்கிழமையே ஃப்ரீசரில் போட்டுவிடுங்கள். ஞாயிறு இரவு யோசித்துப் போடுவதில் பயனில்லை.

சோற்றில்தான் பலரும் கோட்டை விடுகிறார்கள். அரிசியில் இருக்கும் பேசிலஸ் சீரியஸ் என்ற பாக்டீரியாவின் வித்துகள் கொதிநீரிலும் சாவதில்லை. சோறு வெதுவெதுப்பாக வெகுநேரம் கிடந்தால் அவை முளைத்துப் பெருகி நஞ்சை உண்டாக்கும். வாந்தி வரவழைக்கும் அந்த நஞ்சு மறுபடி சூடாக்கினாலும் அழியாது. ஆகவே அணைத்த ரைஸ் குக்கரில் இரவெல்லாம் இருந்த சோற்றை ஓவன் காப்பாற்றும் என்று நம்ப வேண்டாம். கொட்டிவிடுங்கள். கேஸரோலுக்கென்று சோறு எடுத்து வைப்பதானால், வடித்ததும் அகலத் தட்டில் மெல்லிசாகப் பரப்பி, ஆவி அடங்கியதும் மூடி ஃப்ரிட்ஜில் வையுங்கள்.

அளவு

9×13 அங்குலம், மூன்று குவார்ட் கொள்ளளவுள்ள பாத்திரத்துக்கு, ஆறு பேர் தாராளமாகச் சாப்பிட. கப் என்பது 240 மில்லி.

வெந்த வான்கோழி, தோல் நீக்கி நறுக்கியது: 3 கப் (சுமார் 420 கிராம்)
ஆறிய சோறு: 3 கப்
காளான்: 225 கிராம்
பெரிய வெங்காயம் 1, செலரித் தண்டு 2, கேரட் 2, பூண்டு 3 பல்
உறைந்த பசலைக்கீரை: 280 கிராம் பாக்கெட் ஒன்று
ஆலிவ் எண்ணெய் 2 டேபிள்ஸ்பூன், வெண்ணெய் 2 டேபிள்ஸ்பூன்
மைதா: 4 டேபிள்ஸ்பூன்
உப்பில்லாத வான்கோழி எலும்புச் சாறு: 2 கப்
பால் (2 சதவீதக் கொழுப்பு): ஒன்றரை கப்
கெட்டியான கிரீக் தயிர், இனிப்பில்லாதது: அரை கப்
டிஜான் கடுகு விழுது 2 டீஸ்பூன், உலர்ந்த தைம் 1 டீஸ்பூன், மிளகுத்தூள் அரை டீஸ்பூன், ஜாதிக்காய்த்தூள் ஒரு சிட்டிகை
ஷார்ப் செடார் சீஸ்: 60 கிராம், கையால் துருவியது
பாங்கோ பிரெட் தூள் முக்கால் கப், பொடியாக நறுக்கிய பாதாம் 2 டேபிள்ஸ்பூன்
உப்பு: கடைசியில், ருசி பார்த்து

எலும்புச் சாறு வீட்டிலேயே எடுப்பது நல்லது. கறி பிரித்த எலும்புக்கூட்டை உடைத்துப் பெரிய பாத்திரத்தில் போட்டு, மூழ்கும் அளவு (சுமார் மூன்று லிட்டர்) தண்ணீர், பாதி வெங்காயம், ஒரு செலரித் தண்டு, பிரிஞ்சி இலை, பத்து மிளகு சேர்த்து இரண்டரை மணி நேரம் சிறுதீயில் வையுங்கள். தளதளவென்று கொதித்தால் கொழுப்பு கலந்து சாறு கலங்கிவிடும். ஆங்காங்கே குமிழி வந்தால் போதும். ஃப்ரிட்ஜில் வைத்த மறுநாள் மேலே படியும் கொழுப்பை வழித்தெடுத்துவிடலாம். அடியில் இருப்பது ஜெல்லி மாதிரி உறைந்திருந்தால் சாறு சத்தாக இறங்கியிருக்கிறது என்று பொருள்.

கடையில் வாங்குவதானால் லேபிளைக் கவனியுங்கள். ‘லோ சோடியம்’ என்று போட்டிருந்தால் ஒரு பரிமாறலுக்கு 140 மில்லிகிராமுக்கு மேல் இருக்கக் கூடாது என்பது அமெரிக்க விதி. ‘ரெட்யூஸ்டு சோடியம்’ என்றால் அதே பொருளின் வழக்கமான வகையைவிட 25 சதவீதமாவது குறைவு, அவ்வளவுதான். அலமாரியில் பக்கத்துப் பக்கத்தில் நிற்கும் இந்த இரண்டுக்கும் பெரிய வித்தியாசம் உண்டு.

விருந்தின் கிரேவி மிஞ்சியிருந்தால் ஒரு கப் சாற்றுக்குப் பதிலாக அதையே ஊற்றலாம். அது ஏற்கெனவே மாவு போட்டுக் கெட்டியாக்கியது என்பதால் மைதாவைப் பாதியாகக் குறையுங்கள், உப்பைத் தொடவே வேண்டாம்.

எந்தச் சோறு

பாஸ்மதி, நீள அரிசி, பழுப்பரிசி மூன்றும் நன்றாக நிற்கும். அமெரிக்கத் தமிழ் வீடுகளில் மீந்திருப்பது பெரும்பாலும் சோனா மசூரியாகவோ பொன்னியாகவோ இருக்கும். குழைவாக வடித்திருந்தால் சாஸில் கரைந்து கஞ்சியாகிவிடும். உதிரியாக இருந்தால் தாராளமாகப் போடலாம். ஃப்ரிட்ஜில் ஓரிரவு இருந்த சோறு புதுச் சோற்றைவிட நல்லது, பருக்கை இறுகி உடையாமல் இருக்கும். கட்டியாக இருப்பதை ஈரக் கையால் உதிர்த்துவிட்டு அளக்க வேண்டும். கட்டியோடு அளந்தால் கணக்கு தப்பும்.

நார்ச்சத்துதான் குறி என்றால் பழுப்பரிசி. ஒரு கப் சோற்றில் மூன்று கிராமுக்கு மேல் நார் இருக்கும். வெள்ளைச் சோற்றில் ஒரு கிராம்கூடத் தேறாது. மினசோட்டாக்காரர்கள் இதில் வைல்ட் ரைஸ் கலப்பார்கள். அது அந்த மாநிலத்தின் அதிகாரபூர்வத் தானியம், ஏரிகளில் விளையும் ஒருவகை நீர்ப்புல்லின் விதை, நம் அரிசிக்கு ஒன்றுவிட்ட உறவு. ஓஜிப்வே மக்கள் இன்றும் படகில் போய்க் கோல்களால் தட்டி அறுவடை செய்கிறார்கள். வேக 45 முதல் 60 நிமிடம் ஆகும். தோல் வெடித்து உள்ளிருக்கும் வெள்ளை தெரிந்தால் பதம். இரண்டு பங்கு சாதாரணச் சோற்றுக்கு ஒரு பங்கு இது என்பது நல்ல விகிதம்.

வேகாத அரிசியைப் பாத்திரத்தில் போட்டுச் சாற்றை ஊற்றி ஓவனிலேயே வேகவைக்கும் செய்முறைகளும் உண்டு. மீந்த கறிக்கு அவை உதவாது. அரிசி வேகும் முக்கால் மணி நேரத்தில் கறி சக்கையாகிவிடும்.

கறியை நறுக்குவது

மார்புக்கறியும் தொடைக்கறியும் கலந்து எடுங்கள். மார்பில் கொழுப்பு குறைவு, சட்டென்று வறளும். தொடை ஈரத்தைத் தாங்கும். நாருக்குக் குறுக்காக இரண்டு செ.மீ. துண்டுகளாக வெட்ட வேண்டும். கையால் பிய்த்து நூலாக்கினால் ஒவ்வொரு இழையும் தனித்தனியே காய்ந்து பல்லிடுக்கில் சிக்கும். வெட்டியதும் இரண்டு மேசைக்கரண்டி எலும்புச் சாற்றைத் தெளித்துப் புரட்டி மூடி வைத்துவிட்டு மற்ற வேலையைப் பாருங்கள்.

மூன்றாம் நாள் வான்கோழியில் ஒரு பழைய வாடை வரும். அட்டை வாடை என்பார்கள் சிலர். கெட்டுப்போனதால் வருவதல்ல அது. கறியில் உள்ள கொழுப்பு, காற்றோடும் கறியிலிருக்கும் இரும்போடும் சேர்ந்து சிக்குப் பிடிப்பதன் விளைவு. கோழியைவிட வான்கோழியில் இது சீக்கிரம் நேரும். தோலையும் ஓரக் கொழுப்பையும் நீக்கிவிடுவது, காற்றுப் படாமல் மூடி வைப்பது, சாஸில் முழுக்க அமிழ்த்துவது என்ற மூன்றும் வாடையைக் கட்டுப்படுத்தும். தைம், ரோஸ்மேரி, சேஜ் போன்ற இலைகள் மணத்துக்கு மட்டுமல்ல, அந்தச் சிக்கைத் தடுக்கும் தன்மையும் அவற்றுக்கு உண்டு. ஆகவே தைமை விட்டுவிடாதீர்கள்.

உப்புநீரில் ஊறவைத்துச் சுட்ட பறவையோ புகையில் வாட்டியதோ ஆனால் கறியிலேயே உப்பு இருக்கும். ஒரு துண்டை வாயில் போட்டுப் பார்த்துவிட்டு அடுப்பைப் பற்றவையுங்கள்.

காயும் சாஸும்

ஓவனை 375 டிகிரி ஃபாரன்ஹீட்டுக்கு (190 செல்சியஸ்) முடுக்கிவிட்டு, அகலமான கனத்த பாத்திரத்தில் ஒரு டேபிள்ஸ்பூன் எண்ணெயைச் சூடாக்குங்கள். காளானை முதலில், தனியாக, பெரிய தீயில் போடுங்கள். உப்புப் போடாதீர்கள், முதல் மூன்று நிமிடம் கிளறவும் வேண்டாம். காளானில் பெரும்பகுதி தண்ணீர்தான். அது இங்கேயே வற்றிவிட வேண்டும், இல்லாவிட்டால் ஓவனில் வடிந்து பாத்திரத்தின் அடியில் குளம் கட்டும். ஓரங்கள் பழுப்பாகி, நீர் சுண்டி, எண்ணெயில் பொரியும் சத்தம் வந்ததும் தட்டில் எடுத்துவிடுங்கள். டப்பா சூப்பின் ருசியை உப்பில்லாமல் ஈடுகட்டப்போவது இந்தப் பழுப்புதான். ஏழெட்டு நிமிடம் பொறுமை வேண்டும்.

அதே பாத்திரத்தில் வெண்ணெயை உருக்கி, பொடியாக நறுக்கிய வெங்காயம், செலரி, கேரட்டை நடுத்தர தீயில் ஆறேழு நிமிடம் வதக்குங்கள். கேரட் நன்றாக வெந்துவிட வேண்டும். சாஸுக்குள் போன பிறகு வேகும் என்று விட்டால் நறுக்கென்றே இருக்கும். பூண்டும் தைமும் போட்டு அரை நிமிடம் கிளறி, மைதாவைக் காய்கள் மேல் பரவலாகத் தூவுங்கள். வெள்ளைப் பொடி கண்ணில் படாதவரை, ஏறக்குறைய இரண்டு நிமிடம் கிளற வேண்டும். இங்கே அவசரப்பட்டால் பச்சை மாவு வாடை கடைசிவரை போகாது.

இனி எலும்புச் சாறு. முதலில் அரை கப் மட்டும் ஊற்றி, அடியில் ஒட்டியிருப்பதைச் சுரண்டிக் கலக்குங்கள். கூழாகும். அது வழவழப்பானதும் மீதிச் சாற்றையும் பிறகு பாலையும் மூன்று நான்கு தவணையாக ஊற்றிக் கலக்குங்கள். மொத்தத்தையும் ஒரே மூச்சில் கொட்டினால் மாவு கட்டி கட்டியாகும். கட்டி விழுந்துவிட்டால் பதற வேண்டாம், பலூன் கரண்டியால் வேகமாக அடித்தால் பெரும்பாலும் கரைந்துவிடும். மெல்லக் கொதி வந்ததும் நான்கு நிமிடம் சிறுதீயில் விடுங்கள். மாவு உப்பிக் கெட்டியாவதற்குக் கொதி அவசியம், கொதிக்கும் முன் பார்த்துவிட்டு ‘நீர்க்க இருக்கிறதே’ என்று இன்னும் மாவு போடுவதால்தான் கடைசியில் பசையாகிறது.

கரண்டியின் பின்புறத்தில் மெல்லிசாகப் படிந்து, சாய்த்தால் வழிந்து ஓட வேண்டும். பார்ப்பதற்குக் குறைவான கெட்டியாகத் தோன்றும். தோன்றட்டும். சோறு ஓவனில் சாஸை இழுத்துக்கொள்ளும், ஆறும்போது மாவும் இறுகும்.

அடுப்பை அணைத்து, இரண்டு நிமிடம் கழித்து சீஸில் பாதி, கடுகு விழுது, மிளகு, ஜாதிக்காய் சேருங்கள். கொதிக்கும் சாஸில் சீஸ் போட்டால் எண்ணெய் பிரியும். துருவி வரும் பாக்கெட் சீஸில் ஒட்டாமலிருக்க மாவுப் பொடி தூவியிருப்பார்கள், அது சாஸை மணல் மணலாக்கும். தயிர் கடைசி. ஒரு கரண்டிச் சூடான சாஸைத் தயிரில் ஊற்றிக் கலந்து, பிறகு அதைச் சாஸில் சேர்த்தால் திரியாது. கொழுப்பே இல்லாத தயிர் சூட்டில் சீக்கிரம் பிரியும், 2 சதவீதமோ முழுக் கொழுப்போ நல்லது.

இப்போதுதான் உப்பு. பொதுவாக அரை டீஸ்பூன் போதும். அது ஏறக்குறைய 1,150 மில்லிகிராம் சோடியம், ஆறு பேருக்குப் பிரித்தால் தலைக்கு 200-க்கும் கீழே. மந்தமாகத் தோன்றினால் இன்னும் உப்பைத் தேடுவதைவிட, பரிமாறும்போது மேலே எலுமிச்சை பிழியலாம்.

கலப்பது, ஓவனில் வைப்பது

உறைந்த கீரையை முன்கூட்டியே ஃப்ரிட்ஜில் இளகவிட்டு, துணியில் முடிந்து, சொட்டு நிற்கும்வரை பிழியுங்கள். ஒரு பாக்கெட்டிலிருந்து அரை கப் தண்ணீர் சாதாரணமாக வரும். அதைப் பிழியாமல் போட்டால் இவ்வளவு நேரம் பார்த்துப் பார்த்துச் செய்த சாஸ் வீண். கீரை, காளான், கறி, சோறு எல்லாவற்றையும் சாஸில் போட்டு அடியிலிருந்து புரட்டுங்கள். சாம்பார் சாதத்தைக் கிளறி இறக்கும்போது இருக்கும் தளர்வு இருக்க வேண்டும். கரண்டியை எடுத்தால் பள்ளம் மெல்ல மூடிக்கொள்ளும். பள்ளம் அப்படியே நின்றால் கால் கப் பாலோ சாறோ சேருங்கள்.

எண்ணெய் தடவிய பாத்திரத்தில் பரப்பி, ஃபாயிலால் இறுக மூடி 20 நிமிடம். பிறகு ஃபாயிலை எடுத்து, மீதி சீஸையும், ஒரு டேபிள்ஸ்பூன் எண்ணெயில் பிசறிய பிரெட் தூளையும் பாதாமையும் தூவி, மறுபடி 12 முதல் 15 நிமிடம். ஓரங்களில் குமிழி வந்து மேற்புறம் பொன்னிறமானால் முடிந்தது. தெர்மாமீட்டரை நடுவில் குத்திப் பார்த்தால் 165 டிகிரி (74 செல்சியஸ்) காட்ட வேண்டும். ஓரம் கொதிப்பதை வைத்து நடுவை ஊகிக்காதீர்கள். பிரெட் தூளை ஆரம்பத்திலேயே தூவி ஃபாயிலால் மூடினால் ஆவியில் நனைந்து சொதசொதவென்றாகும், பிறகு எத்தனை நேரம் வைத்தாலும் மொறுமொறுப்பு வராது.

வெளியே எடுத்ததும் பத்து நிமிடம் ஆறவிடுங்கள். உடனே கரண்டி போட்டால் சாஸ் தனியே ஓடும்.

கண்ணாடிப் பாத்திரமானால் 350 டிகிரி போதும், ஐந்து நிமிடம் கூடுதலாக. ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்த குளிர்ந்த கண்ணாடியைச் சூடான ஓவனில் வைத்தால் விரிசல் விடலாம். முதல் நாளே கலந்து வைக்க நினைப்பவர்கள் உலோகப் பாத்திரத்தில் வைப்பது நல்லது. அப்போது மூடிவைக்கும் நேரத்தை 35 முதல் 40 நிமிடமாக்குங்கள். ஃப்ரிட்ஜில் இரவெல்லாம் சோறு சாஸை உறிஞ்சியிருக்கும், அரை கப் பாலைச் சுற்றி ஊற்றிவிட்டு மூட வேண்டும்.

மாற்றங்கள்

பிராக்கோலி, பீன்ஸ், பட்டாணி எல்லாம் ஒத்துப்போகும். சீமைச் சுரைக்காய் (ஸுக்கினி) வேண்டாம், எவ்வளவு வதக்கினாலும் நீர் விடும். பசையம் (குளூட்டன்) ஆகாதவர்களுக்கு மைதாவுக்குப் பதில் 2 டேபிள்ஸ்பூன் கார்ன்ஸ்டார்ச்சைக் குளிர்ந்த பாலில் கரைத்து, சாறு கொதிக்கும்போது ஊற்றலாம். பிரெட் தூளுக்குப் பதில் பாதாமையே கூட்டிக்கொள்ளுங்கள். கடைச் சாறானால் அதன் லேபிளிலும் பசையம் இருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள்.

அஞ்சறைப்பெட்டிப் பக்கம் போக விரும்பினால் தைம், கடுகு விழுது, ஜாதிக்காய் மூன்றையும் விட்டுவிட்டு, வெங்காயத்தோடு ஒரு டீஸ்பூன் இஞ்சி, இரண்டு பச்சை மிளகாய், கறிவேப்பிலை, ஒரு டீஸ்பூன் சீரகத்தூள், கால் டீஸ்பூன் மஞ்சள்தூள் போட்டு வதக்குங்கள். மிளகுத்தூளை ஒரு டீஸ்பூனாக்கலாம். பொடிகள் வெண்ணெயிலேயே வதங்க வேண்டும், சாஸில் நேராகத் தூவினால் பச்சை வாடை நிற்கும். பாலுக்குப் பதில் தேங்காய்ப்பால் ஊற்றினால் ருசிக்கும்தான், ஆனால் டப்பாவில் வரும் கெட்டித் தேங்காய்ப்பால் ஒரு கப்பில் சுமார் 40 கிராம் நிறைகொழுப்பு இருக்கிறது. வெண்ணெயையும் சீஸையும் அளந்து குறைத்ததெல்லாம் அதில் போய்விடும்.

மீந்ததிலும் மீந்தால்

மிஞ்சிய கேஸரோலுக்கு, வான்கோழி முதலில் வெந்த நாளிலிருந்தே நாளை எண்ணுங்கள். தட்டில் எடுத்து ஒரு மேசைக்கரண்டி பால் தெளித்து, மூடி, மைக்ரோவேவை நடுத்தர அளவில் வைத்து இடையில் ஒருமுறை கிளறிச் சூடாக்கினால் வறளாது.

ஃப்ரீசருக்கென்றே செய்வதானால் தயிரையும் பிரெட் தூளையும் விட்டுவிடுங்கள். தயிர் உறைந்து இளகினால் நீர் பிரிந்து திட்டுத் திட்டாகும். பாத்திரத்தில் நீளமாக ஃபாயில் விரித்து, அதன்மேல் கலவையைப் பரப்பி, நன்றாக ஆறியதும் உறையவைத்து, கட்டியானதும் ஃபாயிலோடு தூக்கி இறுகச் சுற்றிவிட்டால் பாத்திரம் உங்கள் கைக்குத் திரும்பிவிடும். இரண்டு மூன்று மாதம் ருசி குறையாது. சமைக்கும் முந்தின நாள் ஃபாயிலை உரித்து அதே பாத்திரத்தில் வைத்து, ஃப்ரிட்ஜில் 24 மணி நேரம் இளகவிடுங்கள். கத்தி நடுவில் தடையில்லாமல் இறங்கினால்தான் ஓவனுக்குத் தயார்.